ஆம்ப்ளிபயரின் பாரம் குறைந்த வரலாறு

1931-ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களின் இறுதியில் கராச்சி நகரில் காங்கிரஸ் மகாசபை கூடிற்று. பகத்சிங்கும் அவருடைய தோழர் இருவரும் தூக்கிலிடப்பட்டுச் சில நாட்களே ஆகியிருந்தன. வல்லபாய் படேல் தலைமை வகித்தார். அடிப்படை உரிமைகளைப் பற்றிய புகழ்பெற்ற தீர்மானம் அங்கேதான் நிறைவேறிற்று. இவையெல்லாம் வரலாற்று நூல்களில் விரிவாகவே உள்ளன. அந்நூல்கள் அதிகம் பேசாத செய்தி ஒன்றும் உண்டு. அந்த மாநாட்டில் மேடைப்பேச்சு ஒலிபெருக்கியின் வழியாக மக்களைச் சென்றடைந்தது. அதற்கான கருவிகளைக் கொண்டுவந்து அமைத்தவர்கள் பம்பாயில் தொழில் நடத்திய மோட்வானி குடும்பத்தினர். அவர்களுடைய நிறுவனத்தின் பெயர் சிகாகோ ரேடியோ. பெயரைக் கேட்டு இதை அமெரிக்கக் கம்பெனி என்று எண்ணினோர் பலர். உண்மையில் அது சிந்து மாகாணத்தில் வேர்கொண்ட இந்திய நிறுவனம். காந்தியடிகளும் நேருவும் மைக்கின் முன் நிற்கும் பழைய புகைப்படங்களைக் கூர்ந்து நோக்கினால், அந்த மைக்கின் நெற்றியில் அப்பெயர் பொறித்திருப்பதை இன்றும் காணலாம்.

ஒலிபெருக்கி வருமுன் பெருங்கூட்டங்கள் எவ்வாறு நடந்தன? வெண்கலக் குரல் வாய்த்தவர்களே பொதுமேடைப் பேச்சாளர்களாக விளங்கினர். குரல் மெலிந்தவர்களின் பேச்சு முன்வரிசைகளோடு நின்றுவிடும். பின்னால் இருந்தோர் வாய்வழியாகப் பரவிய சாரத்தைக் கேட்டுத் திருப்தியுற்றனர். காந்தியடிகளின் குரலோ மிக மென்மையானது. அந்த மெல்லிய குரலை உள்ளவாறே வைத்துக்கொண்டு பல்லாயிரம் செவிகளுக்கு எட்டச்செய்தது ஒரு பெட்டி. அப்பெட்டியைத்தான் ஆம்ப்ளிபயர் என்கிறோம்.

மைக்கைப் பற்றியும் ஒலிபெருக்கியைப் பற்றியும் எழுதியோர் உளர். இடையில் நிற்கும் ஆம்ப்ளிபயரைப் பற்றி, அதிலும் அதன் எடையைப் பற்றி எழுதியோரைக் காண்பது அரிது. எடையில் என்ன வரலாறு இருக்கிறது என்று சிலர் நகைக்கலாம். அதை மாடிப்படியில் தூக்கிச் சென்றவனைக் கேட்டால் சொல்லுவான். திருமணத்துக்கும் திருவிழாவுக்கும் கச்சேரிக்கும் ஒலியமைத்துப் பிழைக்கும் சிறு வாடகைக்காரருக்கு, விலை குறைந்ததும் சுமை குறைந்ததுமான ஆம்ப்ளிபயர் எது என்பது வயிற்றுப்பாட்டைப் பற்றிய வினா. கடைக்காரர் ஒரு விடை சொல்லுவார், விளம்பரத்தாள் வேறொரு விடை சொல்லும். ஆம்ப்ளிபயர் ஏன் பாரமாக இருந்தது, பிறகு எப்படி இலேசாயிற்று என்பதை அறிந்துகொண்டவர், அவ்விரண்டையும் தம் அறிவைக் கொண்டு சீர்தூக்கிப் பார்க்க இயலும்.

வரலாறு வால்விலிருந்து தொடங்குகிறது. 1906-இல் அமெரிக்கரான லீ டி பாரஸ்ட் மூன்று மின்வாய்களைக் கொண்ட வெற்றிடக் குழலை அமைத்தார். மெல்லிய மின்னலையை உள்ளே செலுத்தி, அதே வடிவமுள்ள வலிய மின்னலையை வெளியே பெறும் வழி அதனால் பிறந்தது. 1919 செப்டம்பரில், சான் டியேகோ நகரின் விளையாட்டரங்கில் குடியரசுத் தலைவர் உட்ரோ வில்ஸன் ஐம்பதினாயிரம் பேருக்கு முன் பேசியபோது, ஜென்ஸன், பிரிதம் என்ற இருவர் உருவாக்கிய மாக்னவாக்ஸ் கருவி அவர் குரலை அரங்கம் முழுவதும் பரப்பிற்று. அன்று தொடங்கிய முறைதான் பன்னிரண்டு ஆண்டுகளில் கராச்சியை எட்டியது.

இந்த வால்வு ஆம்ப்ளிபயர்கள் கல்லைப்போல் கனத்தன. காரணம் வால்வு அன்று. வால்வு கண்ணாடிக் குழல், அதன் எடை சில அவுன்சுகளே. கனத்தது அதற்கு இருபுறமும் நின்ற இரும்பு. வால்வு இயங்க நூற்றுக்கணக்கான வோல்ட் அழுத்தம் வேண்டும். வீட்டு மின்சாரத்தை அந்த அளவுக்கு உயர்த்த ஒரு டிரான்ஸ்பார்மர் வேண்டும். வால்விலிருந்து வெளிவரும் மின்சாரமோ அழுத்தம் மிகுந்து ஓட்டம் குறைந்தது. ஒலிபெருக்கியின் சுருள் வேண்டுவது அதற்கு நேர்மாறானது. ஆகவே வெளிவாயிலிலும் இன்னொரு டிரான்ஸ்பார்மர் வேண்டியதாயிற்று. இரண்டும் இரும்புத் தகடுகளை அடுக்கிச் செப்புக் கம்பியைச் சுற்றியவை. ஐம்பது வாட் ஆம்ப்ளிபயரை இரண்டு கைகளாலும் அணைத்தே தூக்கவேண்டும்.

டிரான்ஸ்பார்மருக்கு அத்தனை இரும்பு ஏன் என்பதைச் சற்று நின்று பார்ப்போம். பின்னால் வரப்போகும் மாறுதல் முழுவதும் இதில்தான் அடங்கியிருக்கிறது. நம் நாட்டு மின்சாரம் விநாடிக்கு 50 சுழற்சி உடையது. ஒவ்வொரு சுழற்சியிலும் டிரான்ஸ்பார்மர் ஓரளவு ஆற்றலை ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கத்துக்கு மாற்றித் தருகிறது. கிணற்றிலிருந்து நாளொன்றுக்கு ஐம்பது முறையே நீர் இறைக்கலாம் என்று விதி இருந்தால், தோட்டம் முழுவதும் பாய வாளி மிகப் பெரிதாக இருக்கவேண்டும். இலட்சம் முறை இறைக்கலாமென்றால் சிறு செம்பே போதும். அந்த வாளிதான் டிரான்ஸ்பார்மரின் இரும்பு. ஆயிரம் வாட் அளவைக் கையாளும் 50 சுழற்சி டிரான்ஸ்பார்மர் ஏறத்தாழ எட்டுக் கிலோவும் அதற்கு மேலும் இருக்கும். அதே ஆற்றலை விநாடிக்கு ஓர் இலட்சம் சுழற்சியில் மாற்றித் தரும் டிரான்ஸ்பார்மர் உள்ளங்கையில் அடங்கும்; அதன் எடை கால் கிலோ அளவே. ஆனால் இலட்சம் முறை இறைக்கும் கை வேண்டுமே! அந்தக் கை கிடைப்பதற்குள் அரை நூற்றாண்டுக்கு மேல் கழிந்துவிட்டது.

இதற்கிடையில் நம் நாட்டில் ஒலிபெருக்கித் தொழில் தன் காலில் நிற்கத் தொடங்கிற்று. பம்பாயில் சிகாகோ ரேடியோவும், 1940-இல் தோன்றித் தில்லியில் வளர்ந்த அஹூஜா நிறுவனமும் வடநாட்டிலும் தென்னாட்டிலும் சிற்றூர்கள் வரை அறிமுகமாயின. பெங்களூரில் 1954-இல் நிறுவப்பெற்ற பாரத் எலெக்ட்ரானிக்ஸ் பின்னாளில் வால்வுகளையும் டிரான்ஸிஸ்டர்களையும் இங்கேயே செய்தளித்தது. அக்காலத்து ஒலியமைப்பை எண்ணிப் பார்க்குந்தோறும் எனக்கு வியப்பு மேலிடுகிறது. முப்பது வாட் ஆம்ப்ளிபயர் ஒன்று, கம்பத்தின் உச்சியில் கட்டிய கூம்பு இரண்டு, அவ்வளவே. அதைக்கொண்டு ஓர் ஊர் முழுவதும் பாட்டுக் கேட்டது, அடுத்த ஊரிலும் கேட்டது. இன்று அறுநூறு வாட் பெட்டியை வைத்துக்கொண்டும் மண்டபத்தின் பின்வரிசையில் கேட்கவில்லை என்கிறார்களே, இதன் மர்மம் யாது?

மர்மம் கூம்பில் இருக்கிறது. ஒரே ஒரு வாட்டைக் கொடுத்து ஒரு மீட்டர் தூரத்தில் அளந்தால், நல்ல கூம்பு ஒலிபெருக்கி 108 டெசிபெல் அளவுக்கு ஒலி தரும். இன்றைய சாதாரணக் காகிதக் கூம்பு ஸ்பீக்கர் பெட்டி 96 டெசிபெல் அளவில் நிற்கும். வேறுபாடு 12 டெசிபெல். காதுக்கு இது சிறிய எண்ணாகத் தோன்றலாம். ஆற்றலின் கணக்கில் அது பதினாறு மடங்கு. கூம்புக்கு முப்பது வாட் கொடுத்துப் பெற்ற ஒலியை இந்தப் பெட்டியிலிருந்து பெற 480 வாட் வேண்டும். கூம்பில் மிருதங்கத்தின் தொப்பி ஒலி எழாது, தம்பூரா தகரமாகிவிடும் என்பது மெய்தான். ஆயினும் மனிதப் பேச்சைத் தூரத்துக்கு அனுப்ப அதைவிடச் சிக்கனமான கருவி இன்றுவரை வரவில்லை. ஆம்ப்ளிபயர் வாங்கப் புறப்படுகிறவர் முதலில் தம் ஸ்பீக்கரின் இந்த எண்ணைப் பார்ப்பது நலம். மூன்று டெசிபெல் மிகுந்த பெட்டியை வாங்கினால் ஆம்ப்ளிபயரின் ஆற்றல் பாதியே போதும். பணமும் மிச்சம், முதுகெலும்பும் மிச்சம்.

1947-இல் அமெரிக்காவின் பெல் ஆய்வுக்கூடத்தில் டிரான்ஸிஸ்டர் பிறந்தது. இரண்டு இரும்புகளில் ஒன்றை விலக்கியது அதுவே. டிரான்ஸிஸ்டர் குறைந்த அழுத்தத்தில் மிகுந்த ஓட்டத்தைத் தரவல்லது. ஸ்பீக்கரின் சுருள் விரும்புவதும் அதைத்தான். ஆகவே வெளிவாயில் டிரான்ஸ்பார்மர் தேவையற்றதாயிற்று. 2என்3055 என்ற டிரான்ஸிஸ்டர் நம் நாட்டு ஆம்ப்ளிபயர்களில் பல்லாண்டுகள் குடியிருந்தது. அந்த எண்ணை அறியாத ரேடியோ மெக்கானிக்கு இருந்திருக்க முடியாது. பன்னிரண்டு வோல்ட் கார் பாட்டரியில் நேராக இயங்கும் ஆம்ப்ளிபயர்களும் எளிதாயின. சைக்கிள் ரிக்ஷாவில் கூம்பைக் கட்டிச் சினிமாவையும் பொதுக்கூட்டத்தையும் தெருத்தெருவாக அறிவித்துச் சென்ற காட்சி அதனால் பெருகிற்று.

ஆனால் தெருவெங்கும் நெடுந்தூரம் கம்பி இழுக்கும் பொது ஒலிபரப்பில் வெளிவாயில் டிரான்ஸ்பார்மர் மறையவில்லை. நீண்ட கம்பியில் ஆற்றல் வீணாகாதிருக்க, 100 வோல்ட் அழுத்தத்தில் ஒலியை அனுப்பி, ஒவ்வொரு கூம்பிலும் சிறு டிரான்ஸ்பார்மரை வைத்து இறக்கிக்கொள்ளும் முறை அங்கே நிலைத்தது. இன்றும் இரயில் நிலையங்களில் நிலைத்திருக்கிறது. அது வேறு கிளை. நாம் மேடையோடு செல்வோம்.

மேடையில் நிகழ்ந்தது விசித்திரம். ஓர் இரும்பு போயிற்று. ஆனால் பெட்டி இலேசாகவில்லை. ஏனெனில் கேட்போரின் ஆசை வளர்ந்துவிட்டது. 1967-இல் அமெரிக்காவின் கிரௌன் நிறுவனம் வெளியிட்ட டி.சி. 300 என்ற டிரான்ஸிஸ்டர் ஆம்ப்ளிபயர் சானலுக்கு 150 வாட் தந்தது. எடை இருபது கிலோவை ஒட்டியது. 1969-இல் உட்ஸ்டாக் இசைவிழாவில் பில் ஹான்லி என்பவர் இலட்சக்கணக்கானோருக்கு ஒலியமைத்தபோது அவர் நம்பியது மக்கின்டாஷ் நிறுவனத்தின் 350 வாட் வால்வு ஆம்ப்ளிபயர்களை. ஒவ்வொன்றும் ஐம்பது கிலோவுக்கு மேல். நம் நாட்டிலும் சினிமாப் பாட்டைப் பல வாத்தியங்களோடு மேடையில் பாடும் மெல்லிசைக் குழுக்கள் பெருகப் பெருக, கூம்பு இறங்கிப் பெட்டி ஏறிற்று. பெட்டி வந்ததும் அடித்தொனி வேண்டும் என்றனர். அடித்தொனிக்கு நூற்றுக்கணக்கான வாட் வேண்டும். நூற்றுக்கணக்கான வாட்டுக்குப் பெரிய டிரான்ஸ்பார்மர், வெப்பத்தை வெளியேற்ற அலுமினியத் துடுப்புகள், விசிறி, எஃகுக் கூடு.

வெப்பம் என்றதும் ஒன்று சொல்லவேண்டும். வழக்கமான ஆம்ப்ளிபயரில் டிரான்ஸிஸ்டர் குழாயின் திருகைப்போல் வேலை செய்கிறது. பாதி திறந்து பாதி மூடி ஓட்டத்தைக் கட்டுப்படுத்துகிறது. அவ்வாறு தடுக்கப்பட்ட ஆற்றல் வெப்பமாகிறது. இம்முறையில் முழு வேகத்தில் இயங்கும்போதுகூடக் கோட்பாட்டளவில் நூற்றுக்கு 78 பங்குக்கு மேல் ஒலியாக மாறாது. சாதாரண இசையின் ஏற்ற இறக்கத்தில் அதில் பாதியைக்கூட எட்டுவதில்லை. மற்றவை கூட்டைச் சுடவைத்துவிட்டுக் காற்றோடு போகின்றன. இத்தனை வீணையும் சேர்த்துச் சுமக்கவேண்டியது அந்த டிரான்ஸ்பார்மர்தான்.

தில்லியில் நான் வாழ்ந்த நாட்களில், தமிழர் விழாக்களுக்கு ஒலியமைத்துத் தந்த ஒரு பஞ்சாபிப் பெரியவரை அறிவேன். இரண்டு ஆம்ப்ளிபயர்களைத் தேக்குப் பலகைக் கூட்டில் திருகி வைத்திருப்பார். கூட்டோடு தூக்க நால்வர் வேண்டும். ஒருமுறை மூன்றாம் மாடி மண்டபத்தில் கச்சேரி. மின்தூக்கி பழுது. கூட்டை ஏற்றுவதற்குள் நாகஸ்வரக்காரர் மங்கள இசையை மைக் இல்லாமலே முடித்துவிட்டார். அன்று அது அழகாகவே இருந்தது என்பது வேறு விஷயம். வாடகையில் எவ்வளவு மிஞ்சுகிறது என்று நான் கேட்டபோது, டெம்போவுக்கும் கூலியாட்களுக்கும் கொடுத்தது போக மிஞ்சுவது தம் இடுப்புவலி என்று இந்தியில் சொல்லிச் சிரித்தார். அவருடைய கணக்குநோட்டில் ஆம்ப்ளிபயரின் விலை ஒருமுறையே எழுதப்பட்டிருந்தது. அதைத் தூக்கிய கூலி ஒவ்வொரு பக்கத்திலும் எழுதப்பட்டிருந்தது.

இரண்டாம் இரும்பின்மீது முதல் அடி 1980-ஐ ஒட்டி விழுந்தது. பாப் கார்வர் என்ற அமெரிக்கர், சானலுக்கு இருநூறு வாட் தரும் சிறு கனசதுரப் பெட்டி ஒன்றை வெளியிட்டார். அதன் எடை ஐந்து கிலோவுக்கும் குறைவு. இசை எவ்வளவு கேட்கிறதோ அவ்வளவே டிரான்ஸ்பார்மருக்கு மின்சாரம் செல்லுமாறு வாசலிலேயே நிறுத்திக் கட்டுப்படுத்தியது அவர் யுக்தி. அவ்வழியில் வந்த மேடைக் கருவி ஒன்று 450 வாட்டைப் பத்துக் கிலோவுக்குள் அடக்கிற்று. மரபில் ஊறியோர் ஐயுற்றனர். பாரமற்றதில் சாரமிராது என்பது தொழிலாளரிடையே அன்று வேரூன்றியிருந்த நம்பிக்கை. இன்றும் அது முற்றிலும் போய்விடவில்லை.

அடுத்து வந்ததே நான் முன்னே சொன்ன இலட்சம் முறை இறைக்கும் கை. வேகமாகத் திறந்து மூடும் புதுவகை டிரான்ஸிஸ்டர்கள் மலிந்ததும், வீட்டு மின்சாரத்தை முதலில் நேர்மின்சாரமாக்கி, அதை மிகுவேகத்தில் வெட்டி வெட்டிச் சிறு டிரான்ஸ்பார்மர் வழியே செலுத்தும் முறை ஆம்ப்ளிபயருக்குள் புகுந்தது. சுவீடனின் லாப் க்ரூப்பன், அமெரிக்காவின் க்யூ.எஸ்.சி. முதலிய நிறுவனங்கள் இவ்வகைக் கருவிகளை மேடைக்குக் கொண்டுவந்தன. 1990-களின் நடுவில் க்யூ.எஸ்.சி. வெளியிட்ட பவர்லைட் வரிசை ஊர் ஊராகச் செல்லும் ஒலியமைப்பாளர்களிடம் இதைப் பரப்பிற்று.

வெப்பத்தின் சிக்கலையும் அதே யுக்தி தீர்த்தது. திருகைப் பாதி திறந்து வைப்பதற்குப் பதிலாக, முழுவதும் திறப்பது, முழுவதும் மூடுவது என்று விநாடிக்குப் பல்லாயிரம் முறை செய்து, திறந்திருக்கும் நேரத்தின் நீளத்தால் ஒலியின் வடிவத்தை வரைவது. இதற்கு டி வகுப்பு என்று பெயர். இக்கருத்து புதிதன்று. 1964-இலேயே இங்கிலாந்தின் ஸின்க்ளேர் நிறுவனம் இம்முறையில் ஒரு சிறு ஆம்ப்ளிபயரை விற்றது. அன்றைய டிரான்ஸிஸ்டர்களுக்கு அத்தனை வேகம் இல்லை, முயற்சி தழைக்கவில்லை. கருவி கருத்தை எட்ட இன்னும் முப்பது நாற்பது ஆண்டுகள் ஆயின. எட்டியபின் நூற்றுக்கு எண்பத்தைந்துக்கு மேற்பட்ட பங்கு ஆற்றல் ஸ்பீக்கருக்கே சென்றது. பெரிய அலுமினியத் துடுப்புகள் குறைந்தன. 2011-ஐ ஒட்டிக் கிரௌன் நிறுவனம் வெளியிட்ட எக்ஸ்.எல்.எஸ். 1500 என்ற ஆம்ப்ளிபயர் எட்டு ஓமில் சானலுக்கு 300 வாட், நான்கு ஓமில் 525 வாட் என்று மதிப்பிடப்பட்டது. எடை ஐந்து கிலோவுக்கும் குறைவு. டி.சி. 300-ஐ வெளியிட்ட அதே நிறுவனம்! ஆற்றல் இரட்டித்தது, எடை நாலில் ஒன்றாயிற்று. 1991-க்குப் பின் இறக்குமதிக் கட்டுகள் தளர்ந்தமையால் இவ்வகைக் கருவிகள் தில்லி லஜபதிராய் மார்க்கெட்டிலும் பம்பாய் லாமிங்டன் சாலையிலும் சாதாரணச் சரக்காயின. இன்று சீனத்தில் செய்யப்பட்டுப் பல பெயர்களில் வருகின்றன. இந்திய நிறுவனங்களும் இவ்வகையை விற்கின்றன.

அப்படியானால் கனத்ததை விட்டு இலேசானதை வாங்குவதுதானே என்று கேட்கலாம். பெரும்பாலும் ஆம் என்பதே என் விடை. ஆனால் இரும்பு இருந்தவரை ஒரு வசதி இருந்தது. பொய் சொல்லுவது கடினமாக இருந்தது. பெட்டியைத் தூக்கிப் பார்த்தே அதன் ஆற்றலை ஒருவாறு மதிப்பிடலாம். இலேசான பெட்டியில் அந்தச் சோதனை போயிற்று. முகப்பில் 3000 என்று அச்சிட்டிருக்கும். அது இரண்டு சானல்களையும் கூட்டி, இரண்டு ஓமில், இமைப்பொழுது எட்டும் உச்சத்தைக் குறிக்கும் எண்ணாக இருக்கலாம். நமக்கு வேண்டியது வேறு: எட்டு ஓமில் ஒரு சானல், இரண்டு சானல்களும் ஒருங்கே இயங்கும்போது, தொடர்ந்து எவ்வளவு தரும் என்ற எண். குறிப்பேட்டின் உட்பக்கத்தில் சிறிய எழுத்தில் அது இருக்கும். இராவிடில் அந்தக் கருவியை அடுக்கிலேயே வைத்துவிட்டு வருவதே உத்தமம். நூறு வாட் அதிகம் தருவதாகச் சொல்லி ஆயிரக்கணக்கில் விலை கூட்டுவோரிடம் ஏமாறவும் வேண்டா. 300 வாட்டுக்கும் 400 வாட்டுக்கும் இடையே உள்ள வேறுபாடு ஒரு டெசிபெல்லைச் சற்றே தாண்டும். மண்டபத்தில் எவர் காதும் அதைக் கண்டுபிடிக்காது. ஒலி இரு மடங்காகத் தோன்றவேண்டுமானால் ஆற்றல் பத்து மடங்காகவேண்டும்.

அடித்தொனிப் பெட்டிகளுக்கு மட்டும் தனிக் கவனம் வேண்டும். பேச்சும் கச்சேரியும் விட்டுவிட்டு வருவன. இடைவெளியில் ஆம்ப்ளிபயர் மூச்சுவாங்கிக்கொள்ளும். இக்காலத்து நடனப் பாட்டிலோ அடித்தொனி நீண்டு நிற்கும். மலிவான இலேசுக் கருவிகள் சில, அந்த நீண்ட தொனியின் நடுவே தம்மைக் காத்துக்கொள்ளத் தாமாகவே ஒலியைத் தாழ்த்திக்கொள்ளுகின்றன. கடையில் ஒரு பாட்டைப் போட்டுக் காட்டினால் இது தெரியாது. கால்மணி நேரம் ஓடவிட்டால் தெரியும். சிக்கனமாகத் தொழில் நடத்தும் சிலர், அடித்தொனிக்குப் பழைய டிரான்ஸ்பார்மர் ஆம்ப்ளிபயரையும் மற்றத் தொனிகளுக்கு இலேசானதையும் வைத்துக்கொள்ளுகின்றனர். எனக்கு அது நல்ல ஏற்பாடாகவே படுகிறது. இரண்டாம் கையாகக் கிடைக்கும் கனத்த கருவி இன்று மிக மலிவு. தூக்க ஆள் இல்லாமையே அதற்குக் காரணம்.

மின்சாரத்தின் நிலையையும் மறக்கலாகாது. நம் நாட்டில் 230 வோல்ட் என்பது பெயரளவில்தான். கோடையில் சிற்றூரின் கடைக்கோடிக் கம்பத்தில் அது 180-க்கும் இறங்கும். ஜெனரேட்டரின் கைபட்டால் சட்டென்று ஏறவும் செய்யும். டிரான்ஸ்பார்மர் ஆம்ப்ளிபயர் அழுத்தம் குறைந்தால் தானும் சோர்ந்து பாடும், நின்றுவிடாது. புதுவகையில் நன்கமைந்தது பரந்த அழுத்தத்தை ஏற்று ஒரே சீராக இயங்கும்; அமைப்பில் குறையுள்ளது பாதுகாப்பு என்ற பெயரில் அணைந்துவிடும். ஒரு திருமண வரவேற்பில் இதைக் கண்டேன். ஜெனரேட்டரில் ஐஸ்கிரீம் இயந்திரத்தை இணைத்தார்கள். அது புறப்படும்போதெல்லாம் பாடகரின் குரல் அறுந்தது. முகூர்த்தப் பாட்டை நான்கு தவணைகளில் கேட்டோம். எத்தனை வோல்ட்டிலிருந்து எத்தனை வோல்ட்வரை இயங்கும் என்பதைக் கருவியின் முதுகில் படித்தறிந்து, 180-க்குக் கீழும் தாங்குவதாக உள்ளதையே தேர்ந்தால் இந்த அவமானம் நேராது.

எல்லாவற்றினும் கடினமானது பழுதுபார்க்கும் கேள்வி. பழைய ஆம்ப்ளிபயரில் டிரான்ஸிஸ்டர் எரிந்தால், மாவட்டத் தலைநகரிலுள்ள மெக்கானிக்கு மறுநாள் காலைக்குள் மாற்றிக் கொடுப்பார். பொருள் சில நூறு ரூபாயில் முடியும். அவர் கண்ணால் பார்க்கக்கூடிய பாகங்கள், கையால் பற்றவைக்கக்கூடிய முனைகள். புதுவகையில் பாகங்கள் கடுகளவு, பலகையில் ஒட்டப்பட்டவை. பெரும்பாலும் பலகையையே மாற்றவேண்டும். பலகை எங்கிருந்து, எப்பொழுது வரும்? ஆவணி, மாசி முகூர்த்த நாட்களில் இரண்டு வாரம் கருவி இல்லாதிருப்பது வாடகைக்காரருக்கு அரையாண்டு வருமானத்தை இழப்பதாகும். எனவே நான் என் நண்பர்களுக்குச் சொல்லுவது: விலைப்பட்டியலைப் பார்க்குமுன், அந்தக் கம்பெனியின் பழுதுபார்க்கும் நிலையம் உங்கள் ஊரிலிருந்து எத்தனை மணி நேரம் என்று கேளுங்கள். முடிந்தால் ஆற்றல் மிக்க ஒன்றுக்குப் பதிலாக, நடுத்தரமான ஒரேமாதிரி இரண்டை வாங்குங்கள். இரண்டும் சேர்ந்தே பழைய ஒன்றின் எடை வராது. ஒன்று படுத்தால் மற்றது அன்றைய இரவைக் காக்கும். கனத்த இரும்பின் காலத்தில் இந்த யோசனையை எவரும் சொல்லத் துணிந்திருக்க மாட்டார்கள்.

வாட் எண்ணிக்கையின்மேல் உள்ள பேராசைக்குச் சட்டமும் ஓர் எல்லை வகுத்திருக்கிறது. 2000-ஆம் ஆண்டு மத்திய அரசு பிறப்பித்த ஒலி மாசு விதிகளின்படி, ஒலிபெருக்கிக்கு எழுத்துமூலம் அனுமதி பெறவேண்டும்; மூடிய அரங்குகள் நீங்கலாக இரவு பத்து மணி முதல் காலை ஆறு மணி வரை அதை இயக்கலாகாது; சில விழா நாட்களுக்கு மட்டும் மாநில அரசுகள் நள்ளிரவு வரை தளர்த்தலாம். குடியிருப்புப் பகுதிக்குப் பகலில் விதித்த அளவு 55 டெசிபெல். அடுத்த ஊருக்குக் கேட்கவேண்டும் என்று முப்பது வாட் கூம்பைக் கட்டிய காலம் போய், இந்த மண்டபத்துக்குள் தெளிவாகக் கேட்டால் போதும் என்ற காலம் வந்திருக்கிறது. அதற்கு ஐந்து கிலோ பெட்டி போதுமானது.

அந்தப் பஞ்சாபிப் பெரியவரின் பேரன் இன்று அத்தொழிலை நடத்துகிறான். அண்மையில் ஒரு விழாவில் கண்டேன். ஸ்கூட்டரின் முன்புறக் கால்பலகையில் ஓர் ஆம்ப்ளிபயர், தோள்பையில் இன்னொன்று. ஸ்பீக்கர் பெட்டிகள் மட்டும் சிறு வண்டியில் வந்தன. பாட்டனாரின் தேக்குக் கூடு என்னவாயிற்று என்று விசாரித்தேன். கடையின் பின்னறையில் இருக்கிறதாம். ஆம்ப்ளிபயர் இரண்டும் இன்னும் பாடுகின்றனவாம். விற்க மனமில்லையா என்றேன். வாங்க வருகிறவர்கள் எல்லாரும் அதைத் தூக்கிப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போய்விடுகிறார்கள் என்று சொல்லிவிட்டு, மேடைக்குக் கீழே குனிந்து மைக்கின் கம்பியைச் செருகத் தொடங்கினான்.